இன்ஸ்பெக்டருக்கு ஒரு நாற்காலி

அவர் ஒருநாளும் போலீஸில் வேலை பார்த்ததில்லை. காவல் நிலையத்துக்குள் கால் வைத்ததே சைக்கிள் திருட்டுப் போனபோதுதான்; அங்கேயும் வெளிப் பெஞ்சில் உட்கார வைத்துவிட்டு மறந்துபோனார்கள். ஆனாலும் தெருவில் பால்காரர் முதல் பல் பிடுங்குகிறவர் வரை எல்லாருக்கும் அவர் இன்ஸ்பெக்டர்தான். சினிமாவில் அவருக்கு வாய்த்தது அந்த ஒரு வேடம்தான்; படத்தின் கடைசியில் ஜீப்பிலிருந்து இறங்குவார். கதாநாயகன் அதற்குள் எல்லாரையும் அடித்துப் போட்டு முடித்திருப்பான். "எல்லாரையும் அரெஸ்ட் பண்ணுங்க" என்பார். அவர் வாயைத் திறந்ததும் ஜனங்கள் இருக்கைக்கு அடியில் குனிந்து செருப்பைத் தேட ஆரம்பித்துவிடுவார்கள். ஆயுசு முழுக்க அவர் நடித்தது குனிந்த தலைகளுக்கு முன்னால்.

இன்னொருவர் டாக்டர். படித்தது எட்டாங்கிளாஸ். படத்தின் நடுவில் ஒரு கதவைத் திறந்துகொண்டு வெளியே வருவார். எதுவும் பேசமாட்டார். மூக்குக்கண்ணாடியை மெதுவாகக் கழற்றுவார். அவ்வளவுதான், கொட்டகையே அழும். டாக்டர் வருகிற நேரம் ஜனங்கள் நிமிர்ந்து உட்கார்ந்திருக்கிற நேரம். இரண்டு பேருக்கும் உள்ள வித்தியாசம் அதுதான், நடிப்பில் ஒன்றுமில்லை என்பது இன்ஸ்பெக்டரின் கட்சி.

காலையில் பத்திரிகை வந்தால் இன்ஸ்பெக்டர் முதலில் பார்ப்பது இரங்கல் பக்கம். மேலிருந்து கீழ்வரை விரலை வைத்து ஓட்டிவிட்டு, "இன்னைக்கும் இல்ல" என்பார்.

"அந்த டாக்டர் மனுஷன் நல்லா இருந்துட்டுப் போறாரு. உங்களுக்கு என்ன வந்துச்சு?" என்பாள் மனைவி.

"நல்லா இருக்கட்டும்னுதான் பாக்கறேன்."

"பாத்தாலே தெரியுது. பொறாமைக்குச் சம்பளம் குடுத்தா நாம எப்பவோ மாடி கட்டியிருப்போம்."

அவளுக்கு என்ன தெரியும்? அந்தக் கண்ணாடி பிறந்ததே இன்ஸ்பெக்டர் நடித்த ஒரு காட்சியில்தான்.

தொலைக்காட்சி புதிதாக வந்திருந்த காலம் அது. நாடகம் என்றால் நேரடி. இந்தப் பக்கம் நடித்துக்கொண்டிருக்கும்போதே அந்தப் பக்கம் வீடுகளில் பார்த்துக்கொண்டிருப்பார்கள். தப்பு செய்தால் ஊருக்கே தெரிந்துவிடும். ஒரு நாடகத்தில் அப்பா வேடக்காரருக்குத் தொண்டை கட்டிக்கொள்ள, இன்ஸ்பெக்டர் உடுப்பில் ஓரமாக நின்றுகொண்டிருந்த இவருக்கு ஒரு பழைய சட்டையை மாட்டிவிட்டு உள்ளே தள்ளினார்கள். ஆஸ்பத்திரித் தாழ்வாரம், ஒரு பெஞ்சு. டாக்டர் வந்து பக்கத்தில் உட்கார்ந்து, பையன் போய்விட்டான் என்று சொல்ல வேண்டும். அப்பா அரைப் பக்கத்துக்குக் கதற வேண்டும். வசனத்தை மேக்கப் போடும்போதுதான் படித்தார். டாக்டர் சொன்னார். கேமரா இவர் முகத்துக்கு வந்தது. அரைப் பக்கமும் காற்றில் போய்விட்டது. ஒரு எழுத்து ஞாபகமில்லை.

இன்ஸ்பெக்டர் திருதிருவென்று விழித்தார். பிறகு, "அவன் செருப்பு எங்க?" என்றார். பெஞ்சுக்கு அடியில் குனிந்து தேடினார். கிறுகிறுத்து வந்தது, விழாமல் இருக்க டாக்டரின் முழங்காலைப் பிடித்துக்கொண்டார். "புதுச் செருப்பு. இங்கதான் விட்டான்" என்று தேடிக்கொண்டே இருந்தார்.

அப்போதுதான் டாக்டர் கண்ணாடியைக் கழற்றினார்.

கேமரா அங்கே போய்விட்டது.

மறுநாள் கடைவீதியில் எல்லாரும் அந்தக் கண்ணாடியைப் பற்றித்தான் பேசினார்கள். அதன்பின் எந்தத் தயாரிப்பாளர் டாக்டரைக் கூப்பிட்டாலும், "கண்ணாடியோட வந்துருங்க" என்பார்கள். இன்ஸ்பெக்டரைக் கூப்பிட்டவர்கள், "ஜீப் நாங்களே தர்றோம்" என்றார்கள். நாடகத்தின் இயக்குநர் மட்டும் இவரைத் தனியாகக் கூப்பிட்டு, வசனம் மறந்ததற்காக வாங்கு வாங்கென்று வாங்கினார்.

என் காட்சியைத் திருடிவிட்டான் என்ற எரிச்சல் அன்றைக்கு வயிற்றில் பற்றியது. மற்றவர்களுக்கு வயசானால் தலை நரைக்கும், பல் விழும். இவருக்கு எரிச்சல் மட்டும் இளமையாகவே இருந்தது.

இந்த நிலையில்தான் நடிப்புக் கலை உயர் பேரவை, நிரந்தர நாற்காலி கொடுக்க ஆரம்பித்தது.

பேரவைக்கென்று பெரிய மண்டபம் உண்டு. முதல் வரிசையில் சிவப்பு வெல்வெட் நாற்காலிகள். சாதித்த நடிகருக்கு ஒன்று கொடுப்பார்கள். முதுகில் வெண்கலப் பட்டை அடிப்பார்கள். பட்டையில் பட்டப்பெயரைத்தான் பொறிப்பார்கள். நடிகரின் சொந்தப் பெயர் யாருக்கும் தெரியாது என்பது பேரவையின் ஆய்வு முடிவு. அந்த நாற்காலியில் வேறு யாரும் உட்காரக் கூடாது. நடிகர் இறந்துபோனால் வெள்ளைத் துணி போட்டு மூடிவிடுவார்கள். சாதனை என்பதைப் பெரும்பாலும் எண்பது வயதுக்கு மேல்தான் பேரவையால் கண்டுபிடிக்க முடிந்தது என்பதால், முதல் வரிசை முழுக்கத் துணிதான். மேடையில் நடிக்கிறவர்கள் சலவைத் துணி காயப்போட்ட கொடியைப் பார்த்து நடிப்பது போல நடித்துவிட்டுப் போவார்கள்.

டாக்டருக்கு நாற்காலி கொடுத்துவிட்டார்கள். அதைக் கேள்விப்பட்ட அன்று இன்ஸ்பெக்டர் சாப்பிடவில்லை. மறுநாள் சவரம் செய்துகொண்டு, பேரவைக்குக் கிளம்பிவிட்டார்.

பேரவைத் தலைவர் எடை அளவைத் துறையில் பெரிய அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவர். தராசுகளுக்கு முத்திரை குத்தியவர். அவர் அன்போடு வரவேற்றார்.

"உக்காருங்க. இந்தப் பேரவை நடிகர்களுக்காகவே இருக்கறது. அதனாலதான் நடிகர்கள உள்ள விடறதுல நாங்க இவ்வளவு ஜாக்கிரதையா இருக்கோம். நீங்க நடிச்சதுக்கு என்ன அத்தாட்சி?"

"படம் இருக்குங்களே. கடைசில ஜீப்ல வருவேனே."

தலைவர் பக்கத்திலிருந்த செயலாளரைப் பார்த்தார். செயலாளர் தலையை ஆட்டினார். "பாத்தோம் சார். ஜீப் நல்லா தெரியுது. இவரு இறங்கறதுக்குள்ள 'வணக்கம்'னு போட்டுடறாங்க. எழுத்து மூஞ்சிய மறைக்குது."

இன்ஸ்பெக்டர் அந்த நேரடி நாடகத்தைப் பற்றிச் சொன்னார். செருப்பைப் பற்றிச் சொன்னார். அந்த நாடகம் வீடுகளுக்குப் போகும்போதே டேப்பிலும் பதிவானது என்றும் சொன்னார்.

தலைவர் முகம் மலர்ந்தது. "அந்த டேப் பத்திரமா இருக்கு! தொலைக்காட்சிக்காரங்ககிட்ட இருந்து எல்லா டேப்பையும் வாங்கிப் பாதுகாக்கறது நாங்கதான்."

ஒரு இருட்டு அறைக்குக் கூட்டிப்போய்ப் போட்டுக் காட்டினார்கள். திரையில் தலைவர் வந்தார். பேரவையின் தொடக்க விழாவில் பேசினார். பேசினார். பேசிக்கொண்டே இருந்தார்.

"இதுல நான் எங்கங்க?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"இதே டேப்தான். சந்தேகமே வேண்டாம். பாதுகாக்க இடம் பத்தலைன்னு, பழசு மேல புதுசப் பதிவு பண்ணிட்டோம். ஒரே இடத்துல ரெண்டையும் காப்பாத்தின மாதிரி ஆச்சு. ஒலி எவ்வளவு துல்லியமா இருக்கு பாருங்க."

இன்ஸ்பெக்டர் திரையைப் பார்த்தார். அவருடைய பையன் செத்துப்போன அந்தத் தாழ்வாரம் இருந்த இடத்தில் நின்றுகொண்டு தலைவர் தண்ணீர் குடித்தார்.

அதற்காகப் பேரவை கைவிட்டுவிடாது. அத்தாட்சி இல்லாவிட்டால் அத்தாட்சியை உண்டாக்கலாம் என்று விதியிலேயே இருந்தது. அந்தக் காட்சியை மண்டபத்தில் மறுபடி நடத்திக் காட்டுவது. சபை ஒப்புக்கொண்டால் நாற்காலி. இன்ஸ்பெக்டருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. ஆனால் வேடங்களுக்கு ஆளைத் தேர்வு வைத்துத்தான் எடுப்பார்களாம்.

"நான்தாங்க இன்ஸ்பெக்டர்" என்றார்.

"அதைத் தேர்வுக்குழு முடிவு பண்ணும்" என்றார் செயலாளர்.

தேர்வு நாளில் வரிசையில் நின்றார். இவரைப் போல நடிக்க இன்னும் சிலர் வந்திருந்தார்கள். ஒருவன் ஜீப்போடு வந்திருந்தான். இவர் முறை வந்ததும் நடந்து காட்டச் சொன்னார்கள். நடந்தார். திரும்பச் சொன்னார்கள். திரும்பினார்.

"இன்ஸ்பெக்டர் இப்படி நடக்கமாட்டாரே" என்றார் தலைவர்.

"எனக்கு இப்ப முழங்கால் வலிங்க."

"உங்க வலியை வேஷத்துல கலக்கக் கூடாது. அடுத்து."

முடிவைப் பலகையில் ஒட்டினார்கள். இன்ஸ்பெக்டராக நடிப்பவர்: டாக்டர்.

இன்ஸ்பெக்டர் செயலாளரின் அறைக்குள் கதவைத் தட்டாமல் நுழைந்தார். "என்னைவிட மூத்தவன்யா அவன்! எனக்கு வயசாயிடுச்சுன்னா அவனுக்கு மட்டும் ஆகலையா?"

"அவரு அதை மறைக்கத் தெரிஞ்சவரு. அதுக்குப் பேருதானே நடிப்பு? நீங்க மனசு விடாதீங்க. இன்னொரு வேஷம் காலியா இருக்கு. டாக்டர் வேஷம். ரெண்டடி நடந்தா போதும், மீதிய உக்காந்தே பண்ணலாம்."

இன்ஸ்பெக்டர் வீட்டுக்கு வந்து சுவரைப் பார்த்து உட்கார்ந்துவிட்டார். மனைவி காப்பியைக் கொண்டுவந்து வைத்தாள்.

"வேண்டாம்னு சொல்லிட்டு வந்துட்டீங்கதானே?"

"ஒத்துக்கிட்டேன்."

"ஏங்க, உங்களுக்கு மானம் மரியாதை...?"

"அடியே, கேளு. அவன் மூஞ்சிய அவன் கண்ணு முன்னாலயே நான் போட்டுக் காட்டப் போறேன். எப்படிக் கதவைத் திறப்பான், எப்படி எச்சி முழுங்குவான், எப்ப லைட்டு எங்க இருக்குன்னு ஓரக்கண்ணால பாப்பான், எல்லாம் எனக்குத் தெரியும். சபையே சிரிக்கும். கண்ணாடியக் கழட்டறப்ப பாரு, நாறிப் போயிடுவான்."

"இவ்வளவு கவனிச்சிருக்கீங்களே. கட்டின பொண்டாட்டி என்ன கலர் புடவை கட்டியிருக்கான்னு பாக்காம சொல்லுங்க."

இன்ஸ்பெக்டர் காப்பியை எடுத்துக் குடிக்க ஆரம்பித்தார்.

ஒத்திகைக்கு டாக்டர் வரவில்லை. ஏற்கெனவே நாற்காலி வாங்கியவர் ஒத்திகைக்கு வந்தால் நாற்காலிக்கு அவமரியாதை என்று விதி. இன்ஸ்பெக்டர் காலிப் பெஞ்சுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, இல்லாத ஆளிடம் பையன் போய்விட்டான் என்று சொல்லிச் சொல்லிப் பழகினார்.

விழா சாயங்காலம் நடந்தது. மண்டபத்தில் பின் வரிசைகள் நிறைந்திருந்தன. முன்னால் துணிகள். தலைவர் பேசினார். "நடிகனை அளக்க முடியாது என்பார்கள். தவறு. இதுவரை இருபத்தாறு நாற்காலிகள் கொடுத்திருக்கிறோம். நடிப்பு இந்த நாட்டில் இருபத்தாறு நாற்காலி அளவுக்கு வளர்ந்திருக்கிறது" என்றார். துணிகளைத் தவிர எல்லாரும் கைதட்டினார்கள். நிகழ்ச்சியை டேப்பில் பதிவு செய்ய ஒரு கேமராவும் வைத்திருந்தார்கள்.

மேடையில் பெஞ்சு. டாக்டர் பழைய சட்டையில் உட்கார்ந்திருந்தார். இன்ஸ்பெக்டர் வெள்ளைக் கோட்டும் மூக்குக்கண்ணாடியும் போட்டுக்கொண்டு கதவைத் திறந்தார். அச்சு அசல் டாக்டரே திறந்த மாதிரி இருந்தது. பின் வரிசையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். இன்ஸ்பெக்டருக்கு உள்ளே குளிர்ந்தது. எச்சில் விழுங்கினார். ஓரக்கண்ணால் லைட்டைப் பார்த்தார். இன்னும் இரண்டு பேர் சிரித்தார்கள். இருக்குடா உனக்கு என்று நினைத்துக்கொண்டே பக்கத்தில் உட்கார்ந்தார். பையன் போய்விட்டான் என்று சொன்னார்.

இனி அரைப் பக்கம் கதறுவான், நாம் கண்ணாடியை வைத்து வேடிக்கை காட்டலாம் என்று காத்திருந்தார். எழுதிக் கொடுத்த வசனம் அந்தப் பழைய அரைப் பக்கம்தான். பேரவையிடம் இருந்தது அது ஒன்றுதான்.

டாக்டர் கதறவில்லை. திருதிருவென்று விழித்தார். அந்த விழிப்பு இன்ஸ்பெக்டருக்குத் தெரிந்த விழிப்பு. முகம் பார்க்கும் கண்ணாடியில்கூட அதைப் பார்த்ததில்லை, உள்ளேயிருந்துதான் தெரியும்.

"அவன் செருப்பு எங்க?" என்றார் டாக்டர்.

குரல் அதே குரல். 'செருப்பு' என்ற இடத்தில் அன்றைக்கு லேசாகக் கரகரத்தது. அந்தக் கரகரப்பும் இருந்தது. குனிந்தார். கை ஒன்று வந்து இன்ஸ்பெக்டரின் முழங்காலைப் பிடித்தது. அந்தப் பிடியைக் கேமரா அன்றைக்குப் பிடிக்கவில்லை. வீடுகளில் யாரும் பார்க்கவில்லை. பிடித்தவனுக்கும் பிடிபட்டவனுக்கும் தவிர உலகத்தில் யாருக்கும் தெரியாது.

"புதுச் செருப்பு. இங்கதான் விட்டான்."

அந்தக் கையின் பாரம் முழங்காலில் ஏறிக்கொண்டே வந்தது. இத்தனை வருஷமாக இந்தக் காட்சியை இன்ஸ்பெக்டர் நினைக்காத நாளில்லை. ஆனால் பக்கத்தில் உட்கார்ந்து ஒருதரம்கூடப் பார்த்ததில்லை. இப்படியா இருந்தது? இதையா நான் செய்தேன்? வேடிக்கை காட்ட வேண்டும் என்பது மறந்தது. சபை மறந்தது. கண்ணாடிக்குள் என்னவோ கலங்கி, கீழே குனிந்திருந்த தலை தெரியவில்லை. தெரிந்தாக வேண்டுமே என்று கண்ணாடியைக் கழற்றினார்.

மண்டபத்தில் ஒரு இருமல் இல்லை. பிறகு கைதட்டல் எழுந்தது, எழுந்தது அடங்கவில்லை.

செயற்குழு மேடை ஓரத்திலேயே கூடியது. தலைவர் ஒலிபெருக்கியைப் பிடித்தார்.

"இன்ஸ்பெக்டர் மகத்தான நடிகர் என்பது இன்று ஐயத்துக்கு இடமின்றி நிரூபிக்கப்பட்டது. விதிப்படி, நிரூபித்தவருக்கே நாற்காலி" என்று டாக்டரின் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

டாக்டர் பதறினார். "ஐயா, அந்த ஆளு அங்க நிக்கிறாருய்யா! நான் அவர மாதிரி பண்ணேன், அவ்வளவுதான்!"

"அதைத்தான் சொல்றோம். அவர் மாதிரி அவரே பண்ணலையே, தேர்வுலயே தெரிஞ்சுபோச்சு. ஆனா ஒருத்தருக்கு ரெண்டு நாற்காலி கூடாது. அதனால டாக்டர்ங்கற பழைய நாற்காலி, டாக்டர் வேஷத்தச் சிறப்பா பண்ணின இவருக்கு." தலைவர் இன்ஸ்பெக்டரை அன்போடு பார்த்தார். "பேரவை யாரையும் வெறுங்கையோட அனுப்பாது."

ஆக இன்ஸ்பெக்டர் என்ற வெண்கலப் பட்டையில் டாக்டர் சாய்ந்துகொண்டார். டாக்டர் என்ற பட்டையில் இன்ஸ்பெக்டர் சாய்ந்துகொண்டார். இரண்டு பக்கமும் வெள்ளைத் துணிகள். ஜனங்கள் வரிசையாக வந்து டாக்டரின் கையைப் பிடித்துக்கொண்டு, "அந்தச் செருப்பு... ஐயோ" என்று கண்ணைத் துடைத்தார்கள். இன்ஸ்பெக்டரிடம், "நீங்களும் நல்லா உக்காந்திருந்தீங்க" என்றார்கள்.

இன்ஸ்பெக்டர் பக்கத்து நாற்காலியை ஓரக்கண்ணால் பார்த்தார். அதன் மெத்தை கொஞ்சம் உயரமாகத் தெரிந்தது. இன்ஸ்பெக்டர் என்கிறவனுக்கு என்ன பேரு, என்ன கூட்டம்! இதுவரை ஊரில் இருக்கிறவர்கள் மேல்தான் பொறாமைப்பட்டிருக்கிறார். தன் பெயர் மேலேயே பொறாமைப்படுவது இதுதான் முதல்தடவை.

கூட்டம் குறைந்ததும் கேட்டார். "அந்தச் செருப்பு வசனம் எழுதினதுல இல்லையே. எப்படிய்யா அப்படியே வச்சிருந்த?"

டாக்டர் முன்னால் பார்த்தபடியே சொன்னார். "தினம் ராத்திரி படுத்தா அதுதான் ஓடும். இத நாம பண்ணலியேன்னு. எனக்குன்னா கண்ணாடியோட முடிஞ்சுபோச்சு. பாக்கற எடமெல்லாம் கண்ணாடி, கண்ணாடி. நீ வசனத்த மறந்தியே, அது எனக்கு வரவே வராதுய்யா. மறக்கத் தெரியல எனக்கு."

இன்ஸ்பெக்டர் அவர் பக்கம் திரும்பினார். "அன்னிக்கு எதுக்குக் கண்ணாடியக் கழட்டின?"

"இன்னிக்கு நீ எதுக்குக் கழட்டின?"

இரண்டு பேரும் வெள்ளைத் துணிகளைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். இன்ஸ்பெக்டரின் மனைவி பின்வரிசையிலிருந்து வந்து, "போலாமா? இல்ல, உங்களுக்கும் துணி போட்டு மூடணுமா?" என்றாள்.

வெளியே போகும் வழியில் கேமராக்காரர் கம்பியைச் சுருட்டிக்கொண்டிருந்தார். இன்ஸ்பெக்டர் தயங்கி நின்றார். "தம்பி, இன்னிக்கு நடந்தது டேப்ல வந்துருச்சா?"

"முதல்ல வந்துச்சுங்க. அப்புறம் தலைவரோட நன்றியுரை கொஞ்சம் நீண்டுபோச்சு. டேப் தீந்துருச்சு. செயலாளர் சுத்தி விட்டு மறுபடி முதல்லருந்து பதிவு பண்ணச் சொல்லிட்டாரு. உரை முழுசா இருக்குங்க. ஒரு வார்த்தை விடல."

இன்ஸ்பெக்டர் அங்கேயே நின்றார். அவருக்குக் கோபம்கூட வரவில்லை. உள்ளே தலைவர் யாரிடமோ இருபத்தெட்டாவது நாற்காலியைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கும் சத்தம் கேட்டது.

டாக்டர் அதற்குள் வாசல்படிக்கு வந்துவிட்டார். உயரமான படிகள். வழவழப்பான கல். கைப்பிடி கிடையாது, அது வேண்டும் என்று நடிகர்கள் எழுப்பிய கோரிக்கை இன்னும் குழுவின் பரிசீலனையில் இருந்தது. டாக்டர் ஒரு காலைக் கீழே நீட்டித் துழாவினார். பழைய பழக்கத்தில் இன்ஸ்பெக்டருக்கு ஒரு நிமிஷம் நாளைய பத்திரிகையின் இரங்கல் பக்கம் கண்ணில் தெரிந்தது. மறுநிமிஷம் முழங்கால் வலியையும் மறந்து ஓடிப்போய் டாக்டரின் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"என்னய்யா திடீர்னு பாசம்?" என்றார் டாக்டர்.

"பாசமாவது மண்ணாவது. என் சீன் இப்ப உன்கிட்ட மட்டும்தான் இருக்கு. பாத்து இறங்கு."